ஏதென்ஸிலிருந்து ஒரே நாளில் மைசீனி, எபிடோரஸ், நாஃப்லியோ: இடிபாடும் சாப்பாடும் சேர்த்துப் பார்க்க ஒரு வழிகாட்டி

ஏதென்ஸில் அக்ரோபோலிஸ் ஏறி இறங்கியாயிற்று. கையில் இன்னும் ஒரு நாள் இருக்கிறது. நான்கு முதல் எட்டுப் பேர் வரை இருக்கிறீர்கள். பழைய கற்களையும் பார்க்க வேண்டும், ஊர்ச் சாப்பாட்டையும் ஆற அமரச் சாப்பிட வேண்டும். அப்படியானால் இது உங்களுக்கு.

எங்கள் குழுவுக்கு இதை ஏற்பாடு செய்தபோது தகவல்கள் ஒன்று இங்கே, ஒன்று அங்கே என்று சிதறிக் கிடந்தன. சீட்டு விலை ஓரிடத்தில், மூடும் நாள் வேறோர் இடத்தில். சைவம் சாப்பிடுபவர் என்ன கேட்க வேண்டும் என்பது எங்குமே இல்லை. அலைந்து சேர்த்ததை வரிசைப்படுத்தி வைக்கிறேன். வரலாறு இதில் கிடையாது. அதற்கு ஆயிரம் புத்தகங்கள் உண்டு.

இடம்: தெற்கு கிரேக்கத்தின் பெலொப்பொனீஸ் தீபகற்பத்தில், அதன் வடகிழக்கு மூலையில் உள்ள ஆர்கோலிஸ் வட்டாரம். டெல்ஃபிக்கும் பலர் போகிறார்கள், அதுவும் அருமையான இடம்தான். ஆனால் ஒரேயொரு தலத்துக்காகப் போக வர ஐந்து மணி நேரம் சாலையில் கழியும். ஆர்கோலிஸில் மைசீனி (பழங்காலக் கோட்டை), எபிடோரஸ் (கோயில் வளாகமும் கல் படிகள் கொண்ட பழைய நாடக அரங்கமும்) என்று இரண்டு உலகப் பாரம்பரியத் தலங்கள், நடுவே சாப்பாட்டுக்கு நாஃப்லியோ என்ற துறைமுக ஊர். ஒன்றிலிருந்து மற்றொன்றுக்கு ஒரு மணி நேரத்துக்குள் போய்விடலாம்.

1. இரண்டு தலம் போதும், மூன்றாவதை விட்டுவிடுங்கள்

விளம்பரங்களில் "கொரிந்துக் கால்வாய், பழைய கொரிந்து, மைசீனி, நாஃப்லியோ, எபிடோரஸ்" என்று ஐந்தும் ஒரே நாளில் இருக்கும். எல்லாவற்றையும் பார்க்கலாம், பட்டும் படாமலும். அதற்கு விலையாகப் போவது மதியச் சாப்பாடு. நாற்பது நிமிடம் தருவார்கள், அதுவும் பேருந்துகள் மொத்தமாக நிற்கும் நெடுஞ்சாலை உணவகத்தில். எங்கள் குழுவிலேயே ஒருவர் முன்பு அப்படிப் போனவர். "உள்ளூர் உணவு" என்று போட்டிருந்ததை நம்பிப் போனவருக்குக் கிடைத்தது சூடாக்கிய மூசாக்காவும் (கத்தரியும் கொத்துக்கறியும் அடுக்கிச் சுட்டது) காகிதத் தட்டும்.

அதனால் நாளைக் கட்டும்போது சாப்பாட்டை முதலில் நட்டுவிடுங்கள். மதியம் 2 மணி, நாஃப்லியோ, குறைந்தது ஒன்றரை மணி நேரம். மற்றதெல்லாம் அதைச் சுற்றி அமையட்டும். இடிபாடுகளில் மைசீனி ஒன்று, எபிடோரஸ் ஒன்று. மலையேற முடியாத பெரியவர்கள் உடன் வந்தால் மைசீனிக்குப் பதில் பழைய கொரிந்து. அங்கே தரை பெரும்பாலும் சமம்.

2. ஆவணங்கள்

இந்திய, இலங்கைப் பாஸ்போர்ட்டுக்கு, ஐரோப்பிய நாடுகள் பலவற்றுக்கும் பொதுவான ஷெங்கன் விசா வேண்டும். பெரியவர்களுக்குக் கட்டணம் 90 யூரோ, 6 முதல் 11 வயது வரையுள்ள பிள்ளைகளுக்கு 45 யூரோ. விண்ணப்ப மையத்தின் சேவைக் கட்டணம் தனி. பயணத்துக்கு ஆறு மாதம் முன்பிருந்தே விண்ணப்பிக்கலாம், கடைசி வரம்பு 15 நாள். ஆனால் கடைசி வரம்பை நம்பி இருக்காதீர்கள். கோடைக்கு முன்பு கைரேகை கொடுக்க நேரம் கிடைப்பதே கஷ்டம். பயணக் காப்பீடு குறைந்தது 30,000 யூரோவுக்கு இருக்க வேண்டும். பாஸ்போர்ட் பத்து ஆண்டுகளுக்குள் வழங்கப்பட்டதாகவும், ஷெங்கன் எல்லையை விட்டு நீங்கள் கிளம்பும் நாளிலிருந்து மேலும் மூன்று மாதம் செல்லுபடியாவதாகவும், இரண்டு வெற்றுப் பக்கங்கள் உள்ளதாகவும் இருக்க வேண்டும்.

விசா வருமுன் இந்த ஒருநாள் பயணத்துக்குப் பணம் கட்ட வேண்டியதில்லை. பயணத் திட்டத்தில் ஒரு வரி எழுதினால் போதும். கட்டியே ஆக வேண்டுமென்றால் பணம் திரும்பக் கிடைக்கும் வகையில் மட்டும் கட்டுங்கள்.

ஜெர்மனி, பிரான்ஸ் போன்ற ஷெங்கன் நாடுகளில் வசிப்பவர்களுக்குக் குடியிருப்பு அட்டையும் பாஸ்போர்ட்டும் போதும். லண்டனில் வசிக்கும் உறவினர் சேர்ந்துகொள்கிறேன் என்றால் உஷார்: பிரிட்டிஷ் குடியிருப்பு அனுமதி ஷெங்கனுக்குள் செல்லாது. பிரிட்டிஷ் பாஸ்போர்ட் இல்லாதவர் தனியாக விசா எடுத்தே ஆக வேண்டும். குழுவில் ஒருவருக்கு இது கடைசி வாரத்தில் தெரிந்தால் மொத்தத் திட்டமும் ஆட்டம் காணும்.

இன்னொன்று. 2025 அக்டோபர் முதல் ஷெங்கன் எல்லைகளில் முத்திரைக்குப் பதிலாகக் கைரேகையும் முகப்படமும் பதிவு செய்யும் முறை தொடங்கியிருக்கிறது. முதல்முறை வருபவர்களுக்கு வரிசை நகர நேரம் பிடிக்கும். வந்திறங்கும் நாளன்றே இந்தப் பயணத்தை வைக்காதீர்கள்.

கார் ஓட்டப் போகிறவர் யாரோ அவருக்கு இந்திய உரிமத்தோடு சர்வதேச ஓட்டுநர் அனுமதியும் வேண்டும். இதை ஊரிலேயே வட்டாரப் போக்குவரத்து அலுவலகத்தில் எடுத்துவிடுங்கள். கட்டணம் 1,000 ரூபாய், ஓராண்டு செல்லும். மத்திய அரசின் பரிவாகன் தளத்தில் விண்ணப்பம் தொடங்கலாம். பாஸ்போர்ட், விசா நகல் கேட்பார்கள் என்பதால் விசா வந்ததுமே இதற்கு ஓடுங்கள். அனுமதிப் புத்தகத்தை மட்டும் எடுத்துப் போய்ப் பயனில்லை, அசல் உரிமமும் கூடவே இருக்க வேண்டும்.

3. எப்படிப் போவது

மூன்று வழி உண்டு. உங்கள் தலை எண்ணிக்கைதான் எது என்று தீர்மானிக்கும்.

இரண்டு மூன்று பேர் என்றால் சிறு குழுச் சுற்றுலாவில் சேர்ந்துவிடுவது லாபம். கெட்யுவர்கைடு, வியேட்டர் போன்ற தளங்களில் நிறையக் கிடக்கின்றன. ஆளுக்கு 100 யூரோ, கூடக் குறைய இருக்கும். பணம் கட்டுமுன் மூன்று கேள்விகளுக்கு எழுத்தில் பதில் வாங்குங்கள்: அதிகபட்சம் எத்தனை பேர், நுழைவுச் சீட்டு சேர்த்தியா, சாப்பாடு எங்கே, எவ்வளவு நேரம். "சிறு குழு" என்பதற்கு எல்லோருக்கும் ஒரே அளவு இல்லை. எட்டுப் பேருக்கும் அதே பெயர்தான், பதினெட்டுப் பேருக்கும் அதே பெயர்தான். நுழைவுச் சீட்டும் மதியச் சாப்பாடும் பெரும்பாலும் சேர்த்தி இல்லை. பக்கத்தின் அடியில் பொடி எழுத்தில் இருக்கும்.

நான்கு முதல் எட்டுப் பேர் என்றால் ஓட்டுநரோடு வேன் எடுப்பதே நல்லது. ஒன்பது இருக்கை வேன் என்றால் ஓட்டுநர் இருக்கையும் சேர்த்து ஒன்பது. வழிகாட்டியும் உடன் வந்தால் உங்களுக்கு மிச்சம் ஏழு. இதைக் கணக்குப் போடாமல் எட்டுப் பேரைச் சேர்த்துவிட்டு, காலையில் விடுதி வாசலில் நின்று யாரை விட்டுப் போவது என்று முழிக்கக் கூடாது.

நீங்களே ஓட்டினால் மலிவு. சாதாரணக் கார் உரிமம் கொண்டு அங்கே ஒன்பது இருக்கை வரை ஓட்டலாம். வாடகை நிறுவனங்கள் வேனுக்கு வயது வரம்பைக் கூடுதலாக வைப்பது வழக்கம், பதிவு செய்யுமுன் கேளுங்கள். முன்பணப் பிடிப்புக்கு ஓட்டுநரின் பெயரிலேயே கிரெடிட் கார்டு வேண்டும். டெபிட் கார்டை நீட்டினால் பல இடங்களில் சாவி தரமாட்டார்கள். தானியங்கி கியர் வேண்டுமென்றால் குறிப்பிட்டுக் கேட்க வேண்டும், சும்மா பதிந்தால் கையால் மாற்றும் கியர்தான் வரும். வலப்பக்கம் ஓட்ட வேண்டும். நெடுஞ்சாலை அருமை, சிக்கல் ஏதென்ஸை விட்டு வெளியேறும் அரை மணி நேரம்தான். ஏ8 சாலையில் கொரிந்து வரை, பிறகு ஏ7. தலங்களின் பெயர் பழுப்புப் பலகைகளில் இருக்கும். பலகையில் மைசீனி "மிகினெஸ்" என்றும், எபிடோரஸ் "எபிதாவ்ரோஸ்" என்றும் வரும், மலைக்காதீர்கள்.

ஜிபிஎஸ் பொறிகள் இரண்டு. எபிடோரஸ் என்று அடித்தால் கடலோரத்தில் உள்ள பழைய எபிதாவ்ரோஸ் கிராமத்துக்கு இழுத்துப் போகும். அங்கேயும் ஒரு சிறு கலையரங்கம் இருப்பதால் வந்த இடம் சரி என்றே தோன்றும். நீங்கள் தேடுவது லிகூரியோ ஊருக்குப் பக்கத்தில் உள்ள, மருத்துவக் கடவுள் அஸ்கிளேப்பியஸின் கோயில் வளாகம். அதேபோல் கொரிந்து நகரம் வேறு, பழைய கொரிந்து வேறு. இடையில் ஏழெட்டு கிலோமீட்டர். ஏதென்ஸிலிருந்து புறநகர் ரயிலில் கொரிந்துக்குப் போகிறவர்கள் நிலையத்தில் இறங்கி இடிபாட்டைத் தேடுவது இதனால்தான்.

பொதுப் பேருந்து இருக்கிறதே என்பீர்கள். கிஃபிசோஸ் பேருந்து நிலையத்திலிருந்து கேடெல் பேருந்து நாஃப்லியோவுக்கு இரண்டேகால் மணி நேரத்தில் போகும். கட்டணம் ஒரு வழிக்கு 15 யூரோ வாக்கில். மைசீனிக்கு ஃபிக்தி என்ற நிறுத்தத்தில் இறங்கி மூன்று நான்கு கிலோமீட்டர் நடக்கவோ டாக்சி பிடிக்கவோ வேண்டும். பேருந்தில் போனால் ஒரு தலம் மட்டும் வையுங்கள். நாஃப்லியோவிலேயே தங்கிச் சாப்பிட்டு, ஊருக்கு வெளியே நான்கு கிலோமீட்டரில் உள்ள திரின்ஸ் கோட்டையைப் பார்த்துவிட்டுத் திரும்புவது நிம்மதியான நாள். மைசீனியும் திரின்ஸும் ஒரே உலகப் பாரம்பரியப் பதிவில் உள்ளவை. திரின்ஸின் சுவர்க் கற்கள் மைசீனிக்குக் கொஞ்சமும் இளைத்தவை அல்ல, கூட்டம் மட்டும் பத்தில் ஒரு பங்குகூட இருக்காது.

4. ஓட்டுநர் வேறு, வழிகாட்டி வேறு

பலரும் ஏமாறும் இடம் இது. கிரேக்கத்தில் தொல்லியல் தலங்களுக்குள் நின்று விளக்கம் சொல்ல அரசு உரிமம் பெற்ற வழிகாட்டிக்கு மட்டுமே அனுமதி. "ஆங்கிலம் பேசும் ஓட்டுநர், வரலாறு தெரிந்தவர்" என்று விளம்பரத்தில் இருந்தால், அவர் வண்டிக்குள் பேசுவார், வாசலில் உங்களை இறக்கிவிட்டு நிழலில் காப்பி குடிப்பார். அது அவர் தப்பில்லை. உள்ளே வந்து விளக்கினால் அவருக்குத்தான் சிக்கல்.

ஆகவே விளக்கம் வேண்டுமென்றால் உரிமம் பெற்ற வழிகாட்டியைத் தனியாகப் பேசிக்கொள்ளுங்கள். முழு நாளுக்குச் சில நூறு யூரோ ஆகும். ஏழு பேர் பகிர்ந்தால் கையைக் கடிக்காது, மூன்று பேருக்குக் கடிக்கும். என் அபிப்பிராயம்: மைசீனிக்கு வழிகாட்டி அவசியம். விளக்கம் இல்லாமல் பார்த்தால் கோட்டையின் நுழைவாயிலான சிங்க வாசலைத் தாண்டியதும் எல்லாமே கற்குவியலாகத்தான் தெரியும். எபிடோரஸுக்குத் தேவையில்லை. அரங்கத்தின் உச்சிப் படியில் உட்கார்ந்தாலே விஷயம் புரிந்துவிடும். வழிகாட்டிக்குச் செலவழிக்க மனமில்லாதவர்கள் முந்தின இரவு விடுதியில் ஒலிவிளக்கச் செயலி ஒன்றை இறக்கி வைத்துக்கொள்ளுங்கள்.

வண்டிக்கும் வழிகாட்டிக்கும் பணம் கொடுத்தால் ரசீது கேட்டு வாங்குங்கள். ரசீது வேண்டாமென்றால் குறைத்துத் தருகிறேன் என்பவரிடம், வண்டி வராத காலையில் உங்களால் எதையும் கேட்க முடியாது.

5. நுழைவுச் சீட்டும் மூடும் நாள்களும்

2025 ஏப்ரலில் விலையை ஏற்றிய பிறகு மைசீனி 20 யூரோ, எபிடோரஸ் 20 யூரோ, பழைய கொரிந்து 15 யூரோ. பழைய கட்டுரைகளில் 12 யூரோ என்று பார்த்துக் கணக்குப் போடாதீர்கள். கிரேக்கப் பண்பாட்டு அமைச்சகத்தின் மின்சீட்டுத் தளத்தில் வாங்குங்கள், முகவரி "ஹெச்ஹெச்டிக்கெட்.ஜிஆர்" (hhticket.gr). தேடினால் முதலில் வருவது பெரும்பாலும் இடைத்தரகர் தளம். ஒலிவிளக்கம் என்று ஒன்றைச் சேர்த்து விலையைக் கூட்டியிருப்பார்கள். வாசலிலும் சீட்டு கிடைக்கும்.

மைசீனிச் சீட்டில் கோட்டை, அருங்காட்சியகம், அட்ரியஸ் கருவூலம் எனப்படும் குவிமாடக் கல்லறை மூன்றும் அடக்கம். கல்லறை கோட்டைக்கு அரை கிலோமீட்டர் முன்பே சாலையோரம் தனியாக இருக்கிறது. அங்கே மறுபடி சீட்டைக் கேட்பார்கள். கோட்டையை விட்டு வெளியே வந்ததும் கசக்கி எறிந்துவிடாதீர்கள். கல்லறை வாசலுக்கு மேல் கிடக்கும் ஒற்றைக் கல் மட்டும் 120 டன் இருக்கும் என்கிறார்கள். அதைப் பார்க்காமல் வந்தால் பாதிப் பணம் வீண்.

மூடியிருக்கும் நாள்கள்: ஜனவரி 1, மார்ச் 25, மே 1, கிரேக்க ஈஸ்டர் ஞாயிறு, டிசம்பர் 25, 26. கிரேக்க ஈஸ்டர் நம் ஊர் நாள்காட்டியில் உள்ள ஈஸ்டரோடு பெரும்பாலும் ஒத்துப்போகாது. 2026இல் ஏப்ரல் 12, 2027இல் மே 2. இலவச நாள்களும் உண்டு: மார்ச் 6, ஏப்ரல் 18, மே 18, செப்டம்பர் கடைசி வார இறுதி, அக்டோபர் 28, நவம்பர் முதல் மார்ச் வரை மாதத்தின் முதல், மூன்றாம் ஞாயிறுகள். குளிர்காலத்தில் வருகிறவர்கள் இந்த ஞாயிறுகளைக் குறிவைத்தால் ஆளுக்கு 40 யூரோ மிச்சம்.

கோடையில் காலை 8 முதல் இரவு 8 வரை திறந்திருக்கும். செப்டம்பரிலிருந்து மூடும் நேரம் படிப்படியாக முன்னால் வரும். நவம்பர் முதல் மார்ச் வரை பிற்பகல் 3:30க்கே இழுத்து மூடிவிடுவார்கள். ஜூலை, ஆகஸ்டில் வெயில் எல்லை மீறினால் நண்பகல் 12 முதல் மாலை 5 வரை மூடச் சொல்லி அமைச்சகம் உத்தரவிடுவதுண்டு. முந்தின இரவே செய்தி பாருங்கள். கைபேசியில் 112 என்ற எச்சரிக்கை அலறினாலும் பதறாதீர்கள், வெயிலுக்கும் காட்டுத்தீக்கும் அப்படி அனுப்புவார்கள். வேலைநிறுத்தமும் அங்கே சகஜம். அதனால் இந்தப் பயணத்தை ஊர் திரும்பும் கடைசி நாளுக்குத் தள்ளாமல், மாற்றிப்போட ஒரு நாள் கையில் இருக்கும்படி வையுங்கள்.

6. நேரக் கணக்கு

காலை 7:15க்கு வண்டி கிளம்ப வேண்டும். 7:15 என்றால் எல்லோரும் ஏறிக் கதவு மூடியிருக்க வேண்டும். தெருமுனையில் எள் ஒட்டிய குளூரி ரொட்டி வளையம் ஒன்றும் காப்பியும் வாங்கிக்கொண்டு ஏறுங்கள், அதற்குமேல் காலையில் வயிற்றை நிரப்பாதீர்கள். வழியில் கால்வாயில் நிற்காமல் நேரே மைசீனி. 120 கிலோமீட்டர், ஒன்றரை மணி நேரத்துக்குக் கொஞ்சம் மேலே. 9 மணிக்கு உள்ளே இருப்பீர்கள். பெரிய பேருந்துகள் கால்வாயில் நின்று படம் எடுத்துவிட்டு வருவதால் பத்துக்கு மேல்தான் வந்து குவியும். அந்த ஒரு மணி நேரம் சிங்க வாசல் உங்களுடையது.

11 மணிக்கு மைசீனியை விட்டால் 12க்கு முன் எபிடோரஸ். மைசீனியில் நிழல் இல்லை, எபிடோரஸில் பைன் மரங்கள் உண்டு. வரிசையை மாற்றக் கூடாது என்பது அதனால்தான். அங்கே ஒன்றேகால் மணி நேரம் போதும். 1:15க்குக் கிளம்பி அரை மணியில் நாஃப்லியோ. துறைமுகத்தை ஒட்டிய பெரிய நிறுத்துமிடத்தில் வண்டியை விடுங்கள். பழைய ஊரின் சந்துகளுக்குள் வேனைத் திருப்பப் பார்த்தால் வெளியே வருவதற்குள் சாப்பாட்டு நேரம் போய்விடும்.

2 முதல் 3:30 அல்லது 4 வரை சாப்பாடு. அதன்பின் சந்துகளில் ஒரு நடை, ஒரு ஐஸ்கிரீம், 5 மணிக்குக் கிளம்பினால் வழியில் கொரிந்துக் கால்வாயில் பத்து நிமிடம் நின்று, 7:30க்குள் ஏதென்ஸ். கால்வாயைப் பார்க்கப் பத்து நிமிடத்துக்கு மேல் தேவையில்லை. பழைய சாலைப் பாலத்தின் நடைபாதையில் நின்று கீழே எட்டிப் பார்த்தால் முடிந்தது.

நாள் தேர்வு: செவ்வாய் முதல் வியாழன் வரை உத்தமம். ஞாயிறு மாலை ஏதென்ஸ்வாசிகள் அத்தனை பேரும் இதே சாலையில் திரும்புவார்கள். கிரேக்கர்களின் பெரிய விடுமுறையான ஆகஸ்ட் 15ஐ (மரியாள் விண்ணேற்புத் திருநாள்) ஒட்டிய வாரத்தைத் தொடவே வேண்டாம். ஜூலை, ஆகஸ்ட் வெள்ளி, சனிகளில் எபிடோரஸ் அரங்கில் நாடக விழா நடக்கும். அன்று பகலில் மேடையமைப்பும் விளக்குக் கம்பங்களும் படத்தில் விழும்.

7. உள்ளே போனதும்

பிடிமானமுள்ள காலணி. ஆளுக்கு ஒரு லிட்டர் தண்ணீர். தொப்பி. மைசீனியின் நிலத்தடி நீர்த்தொட்டிக்கு இறங்கும் படிகள் இருட்டு, ஈரமும் உண்டு. கைபேசி விளக்கை ஏற்றிக்கொண்டு விடும் தூரம் வரை இறங்கிப் பார்க்கலாம், முழங்கால் வலி உள்ளவர்கள் மேலேயே நிற்கட்டும். நினைவுக்கு ஒரு சில்லு என்று கல்லையோ உடைந்த பானைத் துண்டையோ பையில் போடாதீர்கள். கிரேக்கத்தில் அது குற்றம், விமான நிலையத்தில் மாட்டினால் சாதாரணமாக முடியாது. ட்ரோனுக்கும் முக்காலிக்கும் முன்அனுமதி வேண்டும்.

8. சாப்பாடு

கடைத் தேர்வுக்கு ஒரு வழி சொல்கிறேன். நாஃப்லியோவின் முக்கிய நடைத்தெருக்களில் வாசலில் ஆள் நின்று கூப்பிடும் கடையையும், சாப்பாட்டுப் படங்களைப் பலகையில் ஒட்டியிருக்கும் கடையையும் தாண்டி, இரண்டு சந்து உள்ளே போங்கள். உங்களுக்கு வேண்டியது காலையிலேயே சமைத்துத் தட்டுகளில் வைத்திருக்கும் வீட்டுப் பாணிச் சாப்பாடு. "மாகிரெஃப்தா" என்று கேட்டால் உள்ளே அழைத்துப்போய்க் காட்டுவார்கள். பார்த்துக் கைகாட்டலாம், மொழி தேவையில்லை. மதியம் 1 முதல் 3 வரைதான் அது புதிதாக இருக்கும், இரவுக்கு மிச்சம் இருந்தால் உண்டு. மதியச் சாப்பாட்டை இத்தனை முறை வற்புறுத்துவது அதற்காகத்தான்.

ஆளுக்கு ஒரு தட்டு என்று வாங்காதீர்கள். எல்லாம் நடுவில் வைத்துப் பகிர்ந்து சாப்பிடுவதே அங்கத்திய வழக்கம், அளவும் பெரிது. ஆறு பேருக்கு இரண்டு கிராமத்துச் சாலட், ஐந்தாறு தட்டு, ரொட்டி. போதாவிட்டால் பிறகு சொல்லலாம்.

இந்த வட்டாரத்துக்கே உரியவை எவை? கோகெஸ் என்று ஒரு கைப்பாஸ்தா. மாவை விரலால் அழுத்தி உருட்டிச் சோழி போல் குழித்து, வேகவைத்து, காய்ந்த மிசித்ரா பாலாடைக்கட்டியைத் தூவிச் சுடுவெண்ணெய் ஊற்றித் தருவார்கள். எல்லாக் கடையிலும் கிடைக்காது, கிடைத்தால் விடாதீர்கள். வசந்தத்தில் போனால் இரியா ஊரின் கூனைப்பூ (ஆர்ட்டிசோக்), எலுமிச்சையும் சதகுப்பைக் கீரையும் சேர்த்துச் சமைத்தது. குளிர்காலத்தில் ஆர்கோஸ் சமவெளி முழுக்க ஆரஞ்சு, சாலையோரத்தில் பைபையாக விற்பார்கள். கோடையில் ஆர்கோஸ் முலாம்பழம். அசைவம் சாப்பிடுபவர்களுக்கு சிவப்பு ஒயினில் வெந்த சேவல், அடுப்பில் சுட்ட ஆட்டுக்கறி.

சைவக்காரர்கள் கவலைப்பட வேண்டாம். கிரேக்கச் சமையலில் ஆலிவ் எண்ணெயில் வேகும் காய்கறிகளுக்கென்றே ஒரு பெரிய வகை உண்டு. தக்காளிச் சாறில் பெரிய வெள்ளை மொச்சை, அதன் பெயர் கிகாந்தெஸ். கத்தரி, உருளை, சுரைவகைக் காய் எல்லாம் போட்ட பிரியாம். மஞ்சள் பருப்பை மசித்த ஃபாவா, நம் பருப்புக் கடைசலுக்கு உறவு. வேகவைத்த காட்டுக்கீரை ஹோர்தா. ஆனால் பொறிகள் இருக்கின்றன.

அரிசி அடைத்த தக்காளி, குடமிளகாயில் கொத்துக்கறி இருக்கலாம், இல்லாமலும் இருக்கலாம். "ஒர்ஃபானா" என்று கேளுங்கள், கறி இல்லாதது வரும். திராட்சை இலைப் பொட்டலத்துக்கு அதே கேள்வி "யாலாஞ்சி" என்று. சிலர் "நிஸ்தீசிமோ" என்ற நோன்புச் சொல்லைச் சொன்னால் சைவம் வரும் என்று எழுதுகிறார்கள். அவர்கள் நோன்பில் இறைச்சி, பால், முட்டை கிடையாது, ஆனால் ஆக்டோபஸும் கணவாயும் இறாலும் உண்டு. அதை மட்டும் சொல்லிவிட்டு உட்கார்ந்தால் எட்டுக்கால் ஒன்று தட்டில் வந்து நிற்கும். பால் பொருள் சாப்பிடும் சைவருக்கும் ஒரு குறிப்பு: ஃபெட்டா போன்ற பாலாடைக்கட்டிகளை விலங்கிலிருந்து எடுத்த உறைபொருள் கொண்டு உறையவைப்பது உண்டு. அது ஒத்துக்கொள்ளாதவர் பருப்பு, காய்கறியோடு நிறுத்திக்கொள்ளலாம்.

மாட்டிறைச்சியோ பன்றியிறைச்சியோ தவிர்ப்பவர்கள் இந்தப் பெயர்களைக் கைபேசியில் எழுதி வைத்துக்கொள்ளுங்கள்: மொஸ்காரி மாடு, ஹிரினோ பன்றி, கொத்தோபுலோ கோழி, அர்னி செம்மறி, கத்சிகி வெள்ளாடு. கெஃப்தெதெஸ் என்ற கறி உருண்டையிலும் பிஃப்தேகி என்ற கறி வடையிலும் மாடும் பன்றியும் கலந்திருப்பது சாதாரணம். கேட்காமல் எடுக்காதீர்கள்.

காரம் இல்லை என்று முகம் சுளிப்பவர் எந்தக் குழுவிலும் ஒருவர் இருப்பார். "புக்கோவோ" கேட்டால் மிளகாய்த்தூள் வரும். ஊறுகாய்ப் பொட்டலத்தை முதல் கவளத்துக்கே பிரிக்காமல் இருந்தால் ஆலிவ் எண்ணெயின் வாசனை தெரியும்.

பணம் கரையும் இடம் மீன். பட்டியலில் 60, 70 என்று இருப்பது கிலோ விலை. காட்சிப் பெட்டியில் மீனைக் காட்டச் சொல்லி, எடைபோட்டு, தொகையைக் கேட்டுவிட்டுத் தலையாட்டுங்கள். பெயரருகே நட்சத்திரக் குறி இருந்தால் உறைந்த சரக்கு. ரொட்டிக்கு ஆளுக்கு ஒரு சிறு தொகை தானாகவே சேரும், அது ஏமாற்று இல்லை, வழக்கம். இனிப்பை அவசரப்பட்டுக் கேட்காதீர்கள். சாப்பாடு முடிந்ததும் பழமோ ஒரு துண்டு இனிப்போ கடைக்காரரே இலவசமாக வைப்பது பல கடைகளில் உண்டு. பில் நீங்கள் கேட்டால்தான் வரும். முறையான ரசீது தராவிட்டால் பணம் கொடுக்க வேண்டியதில்லை என்று பட்டியலிலேயே அறிவிப்பு இருக்கும், சட்டம் அப்படி. திருப்தியாக இருந்தால் சில்லறையை விட்டுவிட்டு வரலாம், கணக்குப் போட்டுச் சதவீதம் வைக்க வேண்டாம்.

ஒயின் ருசிக்க ஆசையென்றால் நெமேயா மைசீனிக்குப் பக்கத்திலேயே இருக்கிறது. அகியோர்கிதிகோ என்ற கருந்திராட்சையின் ஊர். ஒயின் ஆலைகளுக்கு முன்பதிவு வேண்டும், ஞாயிறு பல மூடியிருக்கும். இதைச் சேர்த்தால் எபிடோரஸை விட்டுவிட வேண்டும். ஓட்டுபவர் தொடக்கூடாது. இரத்தத்தில் லிட்டருக்கு 0.5 கிராம் வரம்பு, தொழில்முறை ஓட்டுநருக்கு 0.2.

9. மொத்தம் எவ்வளவு

சொந்தமாக வேன் ஓட்டும் ஆறு பேர் என்று வைத்துக்கொள்ளுங்கள். நுழைவுச் சீட்டு ஆளுக்கு 40 யூரோ. சாப்பாடு, மீன் இல்லாமல், 18 முதல் 25. சுற்றுப்பாதை ஏறத்தாழ 330 கிலோமீட்டர், எரிபொருளுக்கு மொத்தமாக 50 யூரோ எடுத்து வையுங்கள், சுங்கத்துக்கு 20. இவற்றை ஆறாகப் பிரித்தால் ஆளுக்கு 12. காப்பி, தண்ணீர், ஐஸ்கிரீம் 10. ஆக, வேன் வாடகையைத் தவிர்த்து ஆளுக்கு 80 முதல் 90 யூரோ. வாடகை பருவத்தைப் பொறுத்து ஏறி இறங்கும். ஓட்டுநரோடு எடுத்தால் முழு நாளுக்கு நானூறு ஐநூறு யூரோவுக்குக் குறைந்து கேட்பவர் அரிது.

பொதுப் பணத்துக்கு முதல் நாளே ஆளுக்கு 30 யூரோ வாங்கி ஒருவரிடம் கொடுத்துவிடுங்கள். சுங்கச்சாவடி, பெட்ரோல், தண்ணீர், நிறுத்துமிடம் எல்லாம் அதிலிருந்து போகட்டும். வங்கி அட்டை எங்கும் செல்லும் என்றாலும் சாலையோர ஆரஞ்சுக்காரரிடம் செல்லாது.

10. வாங்கி வருவது

லிகூரியோ சுற்றுவட்டார ஆலிவ் எண்ணெய் ஐரோப்பியப் புவிசார் பாதுகாப்பு பெற்றது. எபிடோரஸிலிருந்து நாஃப்லியோ போகும் வழியில் எண்ணெய் ஆலைக் கடைகள் வரும். ருசி பார்த்து வாங்கலாம். கண்ணாடிப் புட்டி வேண்டாம், தகரக் கலன் கேளுங்கள். கைப்பையில் 100 மில்லிக்கு மேல் விடமாட்டார்கள், விமானத்தில் ஏற்றக் கொடுக்கும் பெரிய பெட்டியில்தான் போட வேண்டும். ஐந்து லிட்டர் கலன் மலிவாகத் தெரியும், ஆனால் பெட்டியின் எடையில் ஐந்து கிலோ போய்விடும். ஒரு லிட்டர் கலன் இரண்டு எடுத்து, மூடியைச் சுற்றி ஒட்டுநாடா போட்டு, துணிக்கு நடுவில் செருகுங்கள். ஆரஞ்சை வண்டியிலேயே தின்று தீர்த்துவிடுங்கள்.